மோப்பம் பிடிக்கப் போனேன்!

வாசக அன்பர்களே, வாத்தியார் இங்கிலாந்துக்குப் போய்விட்டு வந்திருக்கிறார், இனி லண்டன் மாநகரையும் அரண்மனையையும் அளந்து கொட்டப் போகிறார் என்று நினைத்துப் பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். லண்டனில் நான் இருந்தது ஒன்றரை நாள். அதிலும் பாதி மழை. நான் உங்களை அழைத்துப் போவது வேறோர் இடத்துக்கு. அங்கே மலை உண்டு, ஏரி உண்டு, ஆடு உண்டு, கல் சுவர் உண்டு. அப்புறம் நாய்கள். ஆமாம், நாய்கள்தாம்!

என் தங்கை அந்த நாட்டில் தாதியாக வேலை செய்கிறாள். பதினெட்டு ஆண்டுகளாக, "வாங்கண்ணே, ஒரு தடவை வந்துட்டுப் போங்க" என்று கூப்பிட்டுக்கொண்டே இருந்தாள். தோட்டப் பள்ளி ஆசிரியனுக்கு விமானச் சீட்டு என்பது சின்ன விஷயமா? கொஞ்சம் சேமிப்பு, கொஞ்சம் கடன் என்று ஒருவழியாக 2025ஆம் ஆண்டு மே மாதக் கடைசி விடுமுறையில்தான் முடிந்தது.

அவள் இருப்பது வடக்கே லங்காஸ்டர் நகரில். போய் இறங்கிய மூன்றாம் நாள், "அண்ணே, கடை கடையா ஏறி இறங்கறதை விட உங்களுக்குப் புடிச்சதா ஒண்ணு காட்டறேன். சின்ன வயசுல நாய்க்குட்டியோட கித்தாக் காடெல்லாம் அலைஞ்சீங்களே, ஞாபகம் இருக்கா?" என்றாள். ஞாபகம் இல்லாமல் என்ன! அந்தக் குட்டியைப் பற்றிய கதை ஒன்று உண்டு. அது அவளுக்கு முழுக்கத் தெரியாது. உங்களுக்குச் சொல்கிறேன், சற்றுப் பொறுங்கள்.

சனிக்கிழமை விடியற்காலை 555ஆம் எண் பஸ்ஸில் ஏறினோம். மாடி பஸ். மேல்தட்டில் முன் இருக்கையைப் பிடித்துக்கொண்டோம். கெண்டல் ஊரைத் தாண்டியதும் காட்சி மாறுகிறது. இங்கேதான் 'ஏரி மாவட்டம்' என்று அவர்கள் சொல்லும் மலைநாடு தொடங்குகிறது. விண்டர்மியர் ஏரி மட்டும் பத்து மைலுக்கு மேல் நீளம். நாட்டிலேயே உயரமான மலையும் இந்தப் பக்கம்தான். உயரம் எவ்வளவு என்கிறீர்கள்? 978 மீட்டர்! நம் கேமரன் மலையில் தானா ராத்தா பட்டணமே அதைவிட உயரத்தில் இருக்கிறது என்று தங்கையிடம் பெருமையடித்தேன். ஆனால் இங்கே மரம் குறைவு. உச்சி வரை மொட்டையாகப் பச்சைப் புல். அதன் மேல் கோடு கிழித்தாற்போல், சிமெண்டு இல்லாமல் கல்லின் மேல் கல் அடுக்கிக் கட்டிய சுவர்கள், மலையேறி அந்தப் பக்கம் இறங்குகின்றன. ஆட்டுக்குட்டிகள் கன்னங்கறேல் என்று இருந்தன. தாய் ஆடுகளோ சாம்பல் நிறம், வெள்ளை முகம். குட்டிகளும் வளர வளர வெளுத்துவிடுமாம். நம் ஊரில் வெயில் செய்வதை அங்கே குளிர் தலைகீழாகச் செய்கிறது போலும்!

வழியில் கிராஸ்மியர் என்ற சிற்றூர். கவிஞர் வேர்ட்ஸ்வர்த் 1799 முதல் 1808 வரை குடியிருந்த சின்ன வீடு அங்கே இருக்கிறது. பயிற்சிக் கல்லூரியில் அவருடைய டாஃபடில் பூப்பாட்டை மனப்பாடம் செய்து ஒப்பித்தவன் நான். எட்டி எட்டிப் பார்த்தேன். "பூவெல்லாம் ஏப்ரல்லயே முடிஞ்சுபோச்சுண்ணே" என்றாள் தங்கை.

நாங்கள் இறங்கியது அதையும் தாண்டி ஒரு கிராமத்தில். தங்கையோடு வேலை செய்யும் தாதி ஒருத்தியின் தகப்பனார் அங்கே இருக்கிறார். எழுபதைக் கடந்த பெரியவர். கற்பலகை வெட்டும் மலையில் நாற்பது ஆண்டு உழைத்தவர். கையைக் குலுக்கினார், பால்வெட்டுக்காரர் கை போலவே காய்த்திருந்தது. அவர் பேசிய ஆங்கிலத்தில் பாதி எனக்கு விளங்கவில்லை. தங்கைதான் துபாஷி.

இந்த மலைநாட்டுச் சனங்களுக்கு ஒரு விளையாட்டு உண்டு. 'ஹவுண்டு டிரெயில்' என்று பெயர். குதிரைப் பந்தயம் போலப் பணக்காரர் விளையாட்டு அன்று. ஆடு மேய்ப்பவரும், கல் உடைப்பவரும், சுரங்கத்தில் இறங்கியவரும் வளர்த்த விளையாட்டு. 1906ஆம் ஆண்டிலேயே இதற்கென்று சங்கம் அமைத்துவிட்டார்கள். ஒரு கம்பளித் துணிக் கந்தலை அனிசீட் எண்ணெயிலும் மண்ணெண்ணெயிலும் ஊற வைக்கிறார்கள். அனிசீட் என்பது நம் சோம்பு வாசனைதான். அந்தக் கந்தலைக் கயிற்றில் கட்டி, மலை மேலும் பள்ளத்திலும் சுவர் தாண்டியும் பத்து மைல் தூரம் இழுத்துக்கொண்டு போகிறார்கள். அந்த வாசனைத் தடத்தை முகர்ந்துகொண்டு நாய்கள் ஓடி வரவேண்டும். மனிதர் யாரும் கூட ஓடுவதில்லை. எந்தப் பிராணியும் சாவதில்லை. நரியை நாய் விட்டு வேட்டையாடுவதை அந்த நாட்டில் 2004ஆம் ஆண்டுச் சட்டம் தடுத்துவிட்டது. அது மறு ஆண்டு நடைமுறைக்கு வந்தது. இந்த விளையாட்டில் நாய் துரத்துவது வெறும் கந்தலைத்தான். அதனால் தடை இதைத் தொடவில்லை.

பந்தயம் பிற்பகலில். பெரியவரிடம் பந்தயம் ஓடும் பெரிய நாய் ஒன்றும், நாலு மாதப் பெட்டைக் குட்டி ஒன்றும் இருந்தன. "குட்டிக்குக் காலைப் பாடம் இருக்கு, வாத்தியார்னு சொன்னாங்களே, வந்து பாருங்க" என்று வீட்டுக்குப் பின்னால் இருந்த புல்வெளிக்குக் கூட்டிப் போனார்.

அன்பர்களே, எத்தனையோ மாதிரிப் பாடங்களைப் பார்த்திருக்கிறேன். பயிற்சிக் கல்லூரியிலே பின் வரிசையில் உட்கார்ந்து குறிப்பெடுத்திருக்கிறேன். இது போல ஒன்றைப் பார்த்ததில்லை.

தங்கையிடம் குட்டியைப் பிடித்துக்கொள்ளச் சொன்னார். ஒரு சின்னக் கிண்ணத்தில் ஏதோ தீனி. (என்ன தீனி என்று கேட்டேன். கண்ணைச் சிமிட்டினாரே தவிரச் சொல்லவில்லை!) கிண்ணத்தைக் குட்டியின் மூக்கருகே காட்டினார். ஒரு வாய் கொடுத்தார். பிறகு கந்தலை இழுத்துக்கொண்டு, குட்டி பார்த்துக்கொண்டிருக்கும்போதே நேராக ஐம்பது கஜம் ஓடிப்போய் நின்று, சீழ்க்கை அடித்தார். தங்கை கையை விட்டாள். குட்டி பாய்ந்தது. கிண்ணம் கிடைத்தது. வயிற்றைத் தடவிக் கொடுத்து ஊரே கேட்கும்படி புகழ்ந்தார். அவ்வளவுதான் முதல் பாடம்.

இரண்டாவது தடவை அதே தூரம். ஆனால் அவர் போய் ஒரு சுவருக்குப் பின்னால் மறைந்துகொண்டார். இப்போது கண் உதவாது. குட்டி ஓடத் தொடங்கிப் பாதியில் நின்றது, திகைத்தது, தலையைத் தாழ்த்தியது. மூக்கு தரையைத் தொட்டதும் வால் ஆடத் தொடங்கியது பாருங்கள், அடடா!

காற்று முதுகுப் பக்கமிருந்து வீசும்படி பார்த்துத்தான் அவர் தடம் போட்டார். எதிர்க்காற்றாக இருந்தால் குட்டி தலையைத் தூக்கிக் கிண்ணத்தின் வாசனையைக் காற்றிலேயே பிடித்துவிடும். தரையைப் படிக்கக் கற்றுக்கொள்ளாது. ஈரமும் குளிர்ச்சியும் இருந்தால் வாசனை தரையில் தங்கும். வெயில் ஏறினால் ஓடிவிடும். அதனால்தான் காலையிலேயே பாடம். இன்னொன்றும் சொன்னார். தூரத்தைக் கூட்டினால் அன்றைக்கு வளைவைக் கூட்டாதே. வளைவைக் கூட்டினால் தூரத்தைக் குறைத்துக்கொள். நம் பாடத்திட்டம் எழுதுகிறவர்கள் அந்தப் புல்வெளிக்கு ஒருமுறை போய் வரலாம்.

நாய் மூக்கைப் பற்றியும் ஒரு வார்த்தை. மணத்தை உணரும் அணுக்கள் நம் மூக்கில் ஐம்பது, அறுபது லட்சம் என்றால், நாயின் மூக்கில் இருபது கோடிக்கு மேல் என்று கணக்குச் சொல்கிறார்கள். நாய் மூக்கின் ஓரத்தில் சின்ன வெட்டு ஒன்று இருக்கிறதே, கவனித்திருக்கிறீர்களா? விடும் மூச்சு அதன் வழியாகப் பக்கவாட்டில் போய்விடுகிறது. முகரும் வாசனையை அது கலைப்பதில்லை.

மூன்றாவது பாடத்தில்தான் எனக்கு அடி விழுந்தது.

இந்தத் தடவை பெரியவர் சுவரில் இருந்த ஒரு சந்து வழியாகத் தடத்தை வலப்பக்கம் திருப்பிப் போட்டுவிட்டு, கிண்ணத்தைக் கோடியில் வைத்துவிட்டு எங்களிடமே திரும்பி வந்தார். குட்டி சந்து வரை சரியாகப் போயிற்று. தாண்டியதும் நேராகவே ஓடிற்று. பத்தடி போனதும் வாசனை இல்லை. நின்றது. எங்களைத் திரும்பிப் பார்த்தது. என் கை தானாக உயர்ந்துவிட்டது. 'அந்தப் பக்கம், அந்தப் பக்கம்' என்று காட்டப் போனேன். பெரியவர் என் மணிக்கட்டைப் பிடித்துக் கீழே இறக்கிவிட்டார். கோபமாக இல்லை. பிடித்த கையை விடவும் இல்லை.

"விட்டுடுங்களாம். நீங்க கைகாட்டினா அடுத்த தடவை அது தரையைப் பார்க்காது, உங்க கையைத்தான் பார்க்குமாம்" என்றாள் தங்கை.

குட்டி சின்ன வட்டமாகச் சுற்றியது. இல்லை. இன்னும் பெரிய வட்டம். இல்லை. ஒரு நிமிடம் இருக்கும். எனக்கு ஒரு மணி நேரம்! மறுபடி சந்துக்கே வந்தது. மூக்கைத் தரையில் பதித்தது. வலப்பக்கம் திரும்பி ஓடியே போய்விட்டது.

இப்போது அந்தப் பழைய கதை. 1991. எனக்குப் பதினொரு வயது. அப்பா பால்வெட்டுக்காரர். எங்கள் லயத்து ஆண்கள் ஞாயிற்றுக்கிழமைகளில் ஈட்டியும் நாய்களுமாகக் காட்டுப்பன்றி வேட்டைக்குப் போவார்கள். (இன்றைக்கு அதற்கு உரிமம் வேண்டும், அறிவீர்கள்தானே.) அப்பா ஒரு குட்டி கொண்டுவந்தார். மணி என்று பெயர் வைத்தேன். அதை வேட்டை நாயாக்கிக் காட்டுகிறேன் என்று எனக்கு வீறாப்பு. பன்றித் தோலைக் கயிற்றில் கட்டிக் கித்தா மரங்களுக்கிடையே இழுப்பேன். நடுப்பகல் வெயிலில்! முதல் நாளே நூறு மரத்துக்கு அந்தப் பக்கம்! ஓணானைக் கண்டு தடம் மாறினால் குச்சியால் அடிப்பேன். எப்படியாவது தட்டுத் தடுமாறி வந்து சேர்ந்தாலும் தோலைக் கொடுக்கமாட்டேன். கொடுத்தால் வயிறு நிறைந்து சோம்பேறியாகிவிடும் என்று என் எண்ணம். பத்துப் பதினைந்து நாளில் கயிற்றைக் கண்டாலே மணி வாலை இடுக்கிக்கொண்டு படிக்கட்டுக்கு அடியில் போய்ப் படுக்கத் தொடங்கிவிட்டது. "மூக்கில்லாத நாய்டா இது" என்று சொல்லி அப்பா அதைப் பக்கத்துத் தோட்டத்து லாரிக்காரருக்குக் கொடுத்துவிட்டார். லாரியில் ஏற்றும்போது அது என்னைப் பார்க்கவில்லை. மூக்கு இருந்தது, அன்பர்களே. எனக்குத்தான் தெரிந்துவிட்டது, முப்பத்துநாலு வருடம் கழித்து, வேறொரு நாட்டுப் புல்வெளியில்.

மணியோடு போயிருந்தால் சரி. என் நாலாம் ஆண்டு வகுப்பில் ஒரு பையன் இருக்கிறான். பெயர் வேண்டாம். அம்மா செம்பனைக் காட்டில் உதிரிப் பழம் பொறுக்குகிறார். பையனுக்கு வாசிப்பு வரவில்லை. பள்ளி முடிந்து தினமும் அரை மணி நேரம் நிறுத்தி வைத்துச் சொல்லிக் கொடுத்தேன். நல்ல எண்ணத்தில்தான். அவன் ஒரு சொல்லில் நின்றால் உடனே நான் அந்தச் சொல்லைச் சொல்லிவிடுவேன். மறுபடி நின்றால் தலையில் ஒரு குட்டு. சில நாளில் பையன் புத்தகத்தைப் பார்ப்பதை நிறுத்திவிட்டு என் வாயையே பார்க்கத் தொடங்கினான். விடுமுறைக்கு முந்தின வாரம் அவனுக்கு மூன்று நாள் வயிற்றுவலி. "பொய் வலிங்க சார், எனக்குத் தெரியுது. ஆனா கண்ணுல தண்ணி நிசமா வருது" என்றார் அம்மா. பெரியவர் என் மணிக்கட்டைப் பிடித்தபோது அந்த முகம்தான் வந்தது.

சரி, பந்தயத்துக்குப் போவோம். பாதித் திடலில் கார்கள். பலகையில் சுண்ணக்கட்டியால் எழுதிப் பந்தயப் பணம் வாங்குகிறவர்கள் ஒரு வரிசை. நாலு நம்பர் எடுக்கும் நம் சொந்தக்காரர்கள் சிலர் ஞாபகத்துக்கு வந்தார்கள். தங்கை என் சட்டைப்பையை ஒரு பார்வை பார்த்தாள். நாய்கள் ஒல்லியாக, நெடுங்காலோடு, சூடு ஏறாமலிருக்க உடம்பு மயிரை ஒட்ட வெட்டி நின்றன. நரி வேட்டை நாயின் வழி வந்த சாதி.

தடம் போடுகிறவர்கள் இருவர். இது எனக்குப் புதுமையாக இருந்தது. இருவரும் தடத்தின் நடுவிலிருந்து புறப்படுகிறார்கள். ஒருவர் கந்தலை இழுத்துக்கொண்டு தொடக்கக் கோட்டை நோக்கி வருகிறார். மற்றவர் முடிவை நோக்கிப் போகிறார். ஆக, தொடக்கத்திலும் முடிவிலும் வாசனை புதிசு. நடுவில்தான் பழசு. மலை உச்சியில், யார் கண்ணிலும் படாத இடத்தில் நாய் தடத்தைத் தவறவிட்டால் தானேதான் தேடிக்கொள்ள வேண்டும்.

கந்தல்காரர் கோட்டை நெருங்கியதும் நாய்கள் போட்ட கூச்சல் இருக்கிறதே, பிரட்டுக் களத்தில் நூறு பேர் ஒரே நேரத்தில் பேசினாலும் அப்படி வராது. கொடி தாழ்ந்தது. ஒரு நொடியில் திடலே காலி! சுவர் மேல் வெள்ளையும் பழுப்புமாக ஓர் அலை ஏறி இறங்கியது. பிறகு மலையில் புள்ளிகள். பிறகு ஒன்றுமில்லை.

இருபத்தைந்து நிமிடத்துக்குக் குறைந்தாலும் நாற்பத்தைந்து நிமிடத்துக்கு மிஞ்சினாலும் அந்த ஓட்டம் செல்லாது என்பது விதி. பெரியவர் தொலைநோக்கியைக் கண்ணிலிருந்து எடுக்கவே இல்லை. இருபத்தெட்டாம் நிமிடம் யாரோ கத்தினார்கள். எதிர்மலைச் சரிவில் புள்ளிகள்! உடனே சொந்தக்காரர்கள் எல்லாரும் கோட்டருகே வரிசையாக ஓடி நின்று, கிண்ணத்தைத் தட்டுகிறார்கள், துண்டை வீசுகிறார்கள், சீழ்க்கை அடிக்கிறார்கள், தொண்டை கிழியக் கூப்பிடுகிறார்கள். அரசு அதிகாரி போலத் தோற்றமுள்ள ஓர் அம்மாள் பேய் ஆடுவது போலக் குதித்தார். பெரியவரின் நாய் ஏழாவதாக வந்தது. பரிசு இல்லை. கிண்ணம் மட்டும் முதலாவதாக வந்த நாய்க்குக் கிடைத்தது போலவே நிறையக் கிடைத்தது. அது தின்று முடிக்கும் வரை அவர் மண்டியிட்டே இருந்தார்.

ஊர் திரும்பிய முதல் வாரம் அந்தப் பையனை வாசிக்கக் கூப்பிடவில்லை. "உங்க வீட்டு நாய்க்கு மோப்பம் பழக்கலாமா?" என்று கேட்டேன். சாரை ஏற இறங்கப் பார்த்தான். மறு சனிக்கிழமை காலை ஏழு மணிக்கு, பொழுது புலரும் நேரம், பனி ஈரத்தில் பள்ளித் திடலில் கூடினோம்: நான், அவன், வேலிக்கயிற்றில் அவன் வீட்டுச் செவலை நாய்.

அனிசீட் எண்ணெய்க்கு எங்கே போவது? கருவாடு இருக்கவே இருக்கிறது. முதல் நாள் கருவாட்டுத் துண்டையே முடிச்சில் கட்டி வைத்ததில் கட்டெறும்பு மொய்த்து நாய் மூக்கைக் கடித்துவிட்டது. மறு வாரம் கருவாடு ஊறிய தண்ணீரில் கந்தலை நனைத்தோம், அது சரிப்பட்டது. நீங்களும் செய்து பார்ப்பதாக இருந்தால், செம்பனை மரத்தடியில் மருந்தடித்த வட்டத்துக்குள் தடம் போடாதீர்கள். செம்மண் ரோட்டிலும் வேண்டாம். ஒன்பது மணி வெயிலுக்கே அங்கே வாசனை நிற்பதில்லை. புல்லில் போடுங்கள். கோடியில் தீனி இருக்கட்டும், கட்டாயம் இருக்கட்டும்.

பெரியவர் தம் நாய்களுக்கு ஒரு குறிப்புப் புத்தகம் வைத்திருந்தார். அதே மாதிரி பையனிடம் ஒரு பயிற்சிப் புத்தகத்தைக் கொடுத்து, தேதி, எத்தனை அடி, என்ன நடந்தது என்று எழுதிக்கொள் என்றேன். பென்சிலை வாயில் வைத்துக்கொண்டு வெகுநேரம் நின்றான். என் வாயைப் பார்த்தான். நான் திரும்பி நாயைப் பார்த்துக்கொண்டிருந்தேன், கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு.

இப்போது ஏழு பக்கம் ஆகியிருக்கிறது. செவலை ஐந்நூறு அடி போகிறது, இரண்டு வளைவோடு. புத்தகத்தில் ஒவ்வொரு பக்கத்திலும் 'கறுவாடு' என்று எழுதியிருக்கிறான். போன வாரம் அந்தச் சொல்லுக்கு வந்ததும் பென்சிலை நிறுத்தி அதை உற்றுப் பார்த்தான். பிறகு அடுத்த வரிக்குப் போய்விட்டான். என் சிவப்புப் பேனா சட்டைப்பையிலேயே இருக்கிறது.